முப்பத்தொன்றாம் பக்கம்

என் மனைவி டோரின் வாசிக்கும் வேகத்தைச் சொன்னால் நம்பமாட்டீர்கள். கலியாணம் முடித்து ஒரு வருடம்வரை நானே நம்பவில்லை. பேப்பரை விரிப்பாள். மேலிருந்து கீழே ஒரு பார்வை, உடனே அடுத்த பக்கம். "என்ன, படம் மட்டும் பார்க்கிறியா?" என்று ஒருநாள் சீண்டினேன். பேப்பரை என் கையில் திணித்துவிட்டு, நாலாம் பக்கத்து மரண அறிவித்தல்களை ஒன்றுவிடாமல் சொன்னாள். செத்தவரின் வயது, மருமக்களின் பெயர்கள், நல்லடக்கம் எத்தனை மணிக்கு என்பதுவரை ஒன்றும் பிசகவில்லை. அதன்பிறகு அவளைச் சீண்டுவதற்கு நான் வேறு விஷயம் தேடிக்கொண்டேன்.

வெள்ளவத்தையில் ஒரு சின்ன அச்சகத்தில் புரூஃப் பார்க்கிற வேலை அவளுக்கு. கொட்டாஞ்சேனையிலிருந்து இரண்டு பஸ் மாறிப் போவாள். வழியில் சோதனைச் சாவடிகளில் இறங்கி, அடையாள அட்டையைக் காட்டி, சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்து காட்டி, மறுபடி ஏறிப் போய்ச் சேர்ந்து, மற்றவர்கள் மூன்று நாள் பார்க்கிற புத்தகத்தை மத்தியானத்துக்குள் முடித்துவிடுவாள். முதலாளி சிவானந்தன் இதைக் கண்டு சம்பளத்தைக் கூட்டவில்லை, வேலையைக் கூட்டினார். வாசித்ததெல்லாம் அவள் தலையில் அப்படியே கிடக்கும். எங்கே வைத்திருக்கிறாய் என்று கேட்டால், "பக்கம் கண்ணுக்கு முன்னால வரும், பார்த்துச் சொல்லுறன், அவ்வளவுதான்" என்பாள்.

என் பெயர் ஸ்ரனிஸ்லாஸ். கொச்சிக்கடையில் ஒரு பண்டகசாலையில் கிளார்க். எனக்கு வாய் அதிகம், பொறுமை குறைவு. அவசரக்காரனுக்குப் புத்தி மத்திமம் என்ற பழமொழியை என்னைப் பார்த்த பிறகுதான் யாரோ கட்டியிருக்க வேண்டும்.

நாங்கள் குடியிருந்தது இருபத்திரண்டு வீடுகள் உள்ள ஒரு தோட்டம். தோட்டம் என்றதும் மாமரம், பூச்செடி என்று நினைத்துவிடாதீர்கள். கொழும்பில் தோளோடு தோள் ஒட்டிக் கட்டிய அறைவீடுகளின் வரிசைக்குத்தான் அந்தப் பெயர். எல்லோருக்கும் பொதுவாக ஒரு குழாய், ஒரு கிணறு. பின்மதிலுக்கு அந்தப் பக்கம் ஒரு சாயப் பட்டறை. ஆடை தைக்கிற காமன்ட் கம்பெனிகளுக்குப் பொலியஸ்டர் துணிக்குச் சாயம் போட்டுக் கொடுப்பார்கள். அந்தத் துணி சேட்டாகவும் விளையாட்டுச் சட்டையாகவும் கப்பலேறும். சாயத் தண்ணீர் மட்டும் கப்பலேறாது. மதிலுக்குக் கீழே உள்ள கழிவுநீர்க் கான் வழியாக எங்கள் பக்கம் வந்து, கிணற்றடியைச் சுற்றிக்கொண்டு போகும். திங்கட்கிழமை நீலம், புதன்கிழமை கத்தரிப்பூ நிறம். வெளிநாட்டுக்காரன் அடுத்த வருடம் என்ன நிறம் உடுக்கப்போகிறான் என்பது எங்கள் கானுக்கு முதலே தெரியும் என்று நான் பகிடி விடுவேன். எல்லோரும் சிரிப்பார்கள். சிரித்துக்கொண்டே அந்தக் கிணற்றில் தண்ணீர் அள்ளுவார்கள். குழாயில் காலையில் ஒரு மணித்தியாலம்தான் தண்ணீர் வரும். மிச்ச நேரத்துக்குக் கிணறுதான் கதி.

நாங்களும் ஒன்றும் பருத்தி உடுத்தின மகாத்மாக்கள் இல்லை. என் சேட்டுகள் எல்லாம் பொலியஸ்டர்தான். கசங்காது, ஸ்திரிக்கை தேவையில்லை, இரவு தோய்த்துப் போட்டால் காலையில் காய்ந்திருக்கும். கிளார்க்குக்கு வேறென்ன வேண்டும்? டோரினின் கலியாணச் சேலைகூட நைலோன்தான். அந்த மலிவையும் வசதியையும் மெச்சாத வீடு எங்கள் தோட்டத்தில் ஒன்றுகூட இல்லை.

எங்கள் மகள் றோஸிக்கு அப்போது ஆறு வயது. தொண்ணூற்றைந்தின் கடைசியில் அவளுக்கு வாந்தி தொடங்கியது. காலையில் எழும்பும்போது முகம் ஊதியிருக்கும். தோலில் திட்டுத் திட்டாகச் சொறி. டிஸ்பென்சரியில் பூச்சிமருந்து கொடுத்தார்கள். அடுத்தமுறை போனபோது ஒவ்வாமை என்றார்கள். தோட்டத்தில் இன்னும் நாலு பிள்ளைகளுக்கு இதே கதை. டோரின் ஒருநாள் கிணற்றிலிருந்து ஒரு கிளாஸ் அள்ளி என் முகத்துக்கு நேரே பிடித்தாள். தண்ணீர் தெளிவாகத்தான் இருந்தது.

"மணந்து பாருங்க."

மணந்தேன். மருந்துக்கடைக்குள் நுழைந்தமாதிரி ஒரு வாடை.

"இதைத்தான் எங்கட பிள்ளை குடிக்குது," என்றாள்.

தொண்ணூற்றாறு மார்ச் மாதம், உலகக் கிண்ண கிரிக்கெட் அரையிறுதி நடந்த புதன்கிழமை, அவள் வேலை முடிந்து ஒரு கடதாசிக் கட்டோடு வந்தாள். நாற்பத்தாறு பக்கம், ஆங்கிலத்தில். பட்டறைக்காரர்கள் இரண்டாவது கொதிகலன் வைக்க அனுமதி கேட்டிருந்தார்கள். அதற்காகத் தண்ணீரையும் மண்ணையும் பரிசோதிக்க ஒரு தனியார் ஆய்வுகூடத்தைப் பிடித்திருக்கிறார்கள். அங்கே வேலை செய்த ஷபீகா என்ற பெண்தான் அந்த ஆய்வுகூடத்துக்குக் கடிதத் தலைப்பு அச்சடிக்க டோரினுடைய அச்சகத்துக்கு வந்துபோவாள். டோரின் எங்கே குடியிருக்கிறாள் என்று தெரிந்த நாளிலிருந்து அந்தப் பிள்ளைக்குத் தூக்கம் இல்லையாம். "டோரின் அக்கா, இத நீங்க வெச்சிக்கோங்க. எங்கட ஒபிஸ்ல இனி இது இரிக்காது. வேற ஒண்டு எழுதச் சொல்லிட்டாங்க" என்று சொல்லிக் கொடுத்திருக்கிறாள்.

டோரின் பஸ்ஸுக்குள்ளேயே முழுவதையும் வாசித்து முடித்திருந்தாள். நான் ரேடியோவில் காதை வைத்துக்கொண்டிருந்தேன். அவள் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லிக்கொண்டே போனாள்.

"பருத்தி மாதிரி இல்லையாம். பொலியஸ்டர் லேசில சாயம் குடிக்காதாம். குடிக்கவைக்க மருந்து போடோணுமாம், கொதிக்கவைக்கோணுமாம். கொதிக்கிற நேரம் நூலுக்குள்ள இருக்கிற ஒரு உலோகம் கழண்டு தண்ணியோட வருதாம். எங்கட கிணத்தில அது எவ்வளவு இருக்குத் தெரியுமா?"

உலோகத்தின் பெயரைச் சொன்னாள். அளவையும் சொன்னாள். அந்த நேரம் அங்கே ஒரு விக்கெட் விழுந்தது. "ஓம், ஓம்" என்று தலையாட்டினேன். என் காதில் ஒன்றும் ஏறவில்லை.

ஜூன் மாதம் கொதிகலன் விஷயமாக மூன்று பேர் கொண்ட ஒரு குழு பொதுமக்களிடம் விசாரணை வைக்கும் என்று அறிவித்திருந்தார்கள். அறிக்கையை அங்கே கொடுத்தால் கொதிகலனும் வராது, கானும் மூடப்படும் என்றாள் டோரின். முதலில் கொப்பி எடுக்க வேண்டும். வெளிக் கடையில் கொடுக்கப் பயம். அச்சகத்துப் போட்டோக்கொப்பி மெசின் பழுது, திங்கட்கிழமை சரியாகிவிடும். அதுவரை அறிக்கை அலுமாரியில், சேலைகளுக்குக் கீழே இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை இறுதிப் போட்டி. "நாளைக்கு ஆமியும் மட்ச்தான் பார்க்கும், எங்களைப் பார்க்காது" என்று முதல்நாள் கடையடியில் சொல்லிவிட்டு வந்தேன். டோரினும் றோஸியும் மாதா கோயில் காலைப் பூசைக்குப் போய்விட்டார்கள். எட்டு மணி இருக்கும். அடுத்த ஒழுங்கையில் ஆமியின் சுற்றிவளைப்பு, வீடு வீடாகச் சோதனை என்று முன்வீட்டு ஆறாயி வந்து கதவைத் தட்டிச் சொன்னாள்.

அந்த வருடம் ஜனவரியில்தான் கோட்டையில் மத்திய வங்கியில் குண்டு வெடித்திருந்தது. அதற்குப் பிறகு கொழும்பில் தமிழ் வீடுகளில் ஒரு பழக்கம் வந்துவிட்டது. ஆபத்து என்றால் மற்றவர்கள் நகையை ஒளிப்பார்கள், சுற்றிவளைப்பு என்றால் நாங்கள் கடதாசியை எரிப்போம். யாழ்ப்பாணத்திலிருந்து வந்த கடிதம், வெளிநாட்டுத் தொலைபேசி எண், தெரியாத பையன் நிற்கும் கலியாண போட்டோ, எல்லாம் அடுப்புக்குப் போகும். ஆறாயியின் மகனுடைய பள்ளிக்கூட அட்லஸ்கூட அப்படித்தான் போனது. யாரும் எங்களுக்குச் சொல்லித்தரவில்லை. ஒரு வீட்டைப் பார்த்து இன்னொரு வீடு பழகியது.

நான் அலுமாரியைக் கவிழ்த்தேன். அறிக்கை கையில் வந்தது. விரல் பட்ட இடத்தில் விரித்தேன். முப்பத்தொன்றாம் பக்கம். முழுப் பக்கத்துக்கும் ஒரு வரைபடம். துறைமுக மதில், எண்ணெய்த் தாங்கிகள், ரயில் பாதை, கோயில், எங்கள் தோட்டம், எல்லாம் அளவாகக் கீறியிருந்தது. தண்ணீரும் மண்ணும் எடுத்த இடங்களில் கறுப்புப் புள்ளிகள். ஒவ்வொன்றுக்கும் இலக்கம், ஒன்றிலிருந்து மற்றதுக்கு எத்தனை மீற்றர் என்ற கணக்கு.

துறைமுகத்துக்குப் பக்கத்தில் குடியிருக்கிற தமிழன் வீட்டு அலுமாரியில், சேலைக்கு அடியில், துறைமுகத்தின் வரைபடம். இது சாயத்தண்ணீர் எடுத்த இடம் ஐயா என்று நான் யாருக்கு விளங்கப்படுத்துவது?

வரைபடத்தை மட்டும் கிழித்திருக்கலாம். அந்த ஒரு தாளை மட்டும். இன்றைக்கும் நான் அதைத்தான் நினைக்கிறேன். அன்றைக்கு நினைக்கவில்லை. நாற்பத்தாறு பக்கத்தையும் பின்பக்கத்து அடுப்பில் போட்டேன். பற்றவைக்க, ஆறாயி பட்டறையிலிருந்து பொறுக்கிவந்து அடுப்படியில் வைத்திருந்த துணித்துண்டு ஒன்றை மண்ணெண்ணெயில் தோய்த்துப் போட்டேன். அது உருகிச் சொட்டுச் சொட்டாக எரிந்தது. கண்ணைக் கரித்தது. சாம்பலைக் கிளறிக் கானில் தள்ளினேன்.

ஆமிக்காரர்கள் வந்தார்கள். வீட்டில் யார் யார் குடியிருக்கிறார்கள் என்று கதவுக்குப் பின்னால் ஒட்டியிருந்த பொலிஸ் பதிவைப் பார்த்தார்கள். அலுமாரியைத் திறந்தார்கள், மூடினார்கள். இருபது வயதுகூட இருக்காத ஒருவன், "அய்யே, வத்துர டிக்கக் தென்ன" என்று தண்ணீர் கேட்டான். பயத்தில் கைக்கு எட்டிய குடத்திலிருந்து வார்த்துக் கொடுத்துவிட்டேன், கிணற்றுத் தண்ணீர். மடமடவென்று குடித்துவிட்டு, இன்றைக்கு நாம்தான் வெல்வோம், இல்லையா என்று சிங்களத்தில் கேட்டான். நிச்சயம் தம்பி என்றேன். ஐந்து நிமிடத்தில் போய்விட்டார்கள்.

டோரின் வந்ததும் சொன்னேன். அவள் கத்துவாள் என்று நினைத்தேன். அடுப்படிக்குப் போய்ச் சாம்பல் ஒட்டியிருந்த கல்லைத் தொட்டுப் பார்த்தாள். தலையில் போட்டிருந்த கோயில் லேஸைக்கூட எடுக்கவில்லை.

"முழுக்கவா எரிச்சீங்க?"

"ஓம்."

"சரி. தலையில இருக்கு."

அடுத்த பத்து நாளில் நூற்றைம்பது பக்கக் கொப்பி ஒன்றில் முழு அறிக்கையையும் கையால் எழுதி முடித்தாள். பக்க இலக்கத்தோடு, அட்டவணையோடு, அடிக்குறிப்போடு. அந்தக் கொப்பி வீட்டில் மேசைமேல் கிடந்தது. அதைத் திறக்க எனக்கு முகம் இருக்கவில்லை. கண்ணில் படும்போதெல்லாம் வேறு பக்கம் பார்ப்பேன். சில நாட்களில் எரிச்சலாகக்கூட இருந்தது. தப்புச் செய்தவனுக்கு ரோசம் அதிகம்தானே.

ஷபீகாவைச் சாட்சிக்குக் கூப்பிடலாம் என்று டோரின் ஆய்வுகூடத்துக்குப் போனாள். அந்தப் பிள்ளையை வேலையால் நிறுத்தியிருந்தார்கள். வீட்டுக்குப் போனால், கலியாணம் முடித்து டோஹாவுக்குப் போய்விட்டாள், விலாசம் தெரியாது என்று கதவைச் சாத்தினார்கள். அப்படி ஒரு அறிக்கை எழுதப்படவே இல்லை என்று ஆய்வுகூடம் குழுவுக்குக் கடிதமும் கொடுத்துவிட்டது.

ஆகவே விசாரணையன்று டோரினிடம் இருந்தது அவள் தலையும் அந்தக் கொப்பியும்தான்.

கோயில் மண்டபத்தில் நடந்தது. எங்கள் தோட்டம் முழுவதும் வந்திருந்தது. பெண்கள் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு வந்து முன்வரிசையில் உட்கார்ந்தார்கள். மேசைக்குப் பின்னால் குழுவின் மூன்று பேர், ஒரு மொழிபெயர்ப்பாளர், பட்டறையின் வழக்கறிஞர். வாசலில் ஒரு பொலிஸ் சார்ஜன்ட். அந்தக் காலத்தில் பத்துப் பேர் கூடினாலும் ஒரு பொலிஸ் நிற்கும், அதை யாரும் கவனிப்பதில்லை.

குழுத் தலைவர் வயதான மனிதர். மூலப் பிரதி இல்லாத அறிக்கையை எப்படி ஏற்பது என்று கேட்டார். என் ஞாபகத்தைச் சோதித்துப் பாருங்கள் என்றாள் டோரின். அவர் தன் கோப்பிலிருந்து ஒரு தாளை எடுத்துக் கொடுத்தார். அவள் பார்த்தாள், திருப்பிக் கொடுத்தாள், தொடக்கத்திலிருந்து கடைசிவரை சொன்னாள். தாளின் அடியில் அச்சகத்தின் பெயர் இருந்தது, அதையும் சொன்னாள். மண்டபம் கைதட்டியது. தலைவர் கண்ணாடியைக் கழற்றிவிட்டு அவளைப் பார்த்தார். ஏற்றுக்கொள்ளப்போகிறார் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. பக்கத்தில் றோஸி என் மடியில் தலைவைத்துப் படுத்திருந்தாள். வென்றுவிட்டோம் பிள்ளை என்று அவள் காதில் சொன்னேன்.

அப்போது வழக்கறிஞர் எழும்பினார். மெல்லப் பேசுகிற மனிதர்.

"மிஸிஸ் ஸ்ரனிஸ்லாஸ், உங்கள் ஞாபகசக்தியை நான் சந்தேகிக்கவே இல்லை. இந்த ஏழைப் பிள்ளைகளை நினைத்து எனக்கும் கவலைதான்," என்று தொடங்கினார். ஆடு நனைகிறதே என்று ஓநாய் அழுததாம். கொப்பியை எடுத்துப் புரட்டி, ஓரிடத்தில் விரித்து, குழுவின் பக்கம் திருப்பிப் பிடித்தார். "இந்த முப்பத்தொன்றாம் பக்கம். இதை வரைந்தது யார்?"

அவள் அதையும் வரைந்திருக்கிறாள். வரையாமல் இருப்பாளா? ஒரு முற்றுப்புள்ளியை விட்டுவிட்டு எழுதத் தெரியாதவள். கொப்பியை ஒருதரம் திறந்து பார்த்திருந்தால் நான் அன்றைக்கே அந்தத் தாளைக் கிழித்திருப்பேன். கிழிக்க வேண்டிய நேரத்தில் கிழிக்கவில்லை, பார்க்க வேண்டிய நேரத்தில் பார்க்கவில்லை.

"நான்தான்," என்றாள்.

"ஞாபகத்திலிருந்தா?"

"ஓம்."

"இப்போது, கொப்பியைப் பார்க்காமல், இந்தப் படத்தில் இருப்பதைச் சொல்ல முடியுமா?"

அவளுக்கு அது இன்னொரு பக்கம், அவ்வளவுதான். கண்ணை ஒரு கணம் மூடித் திறந்தாள். துறைமுகத்தின் மதிலிலிருந்து தொடங்கினாள். மதிலிலிருந்து எண்ணெய்த் தாங்கிக்கு இத்தனை மீற்றர். தாங்கியிலிருந்து ரயில் பாதைக்கு இத்தனை. பாதையிலிருந்து இரண்டாவது வாசலுக்கு இத்தனை. தெளிவான ஆங்கிலத்தில், பாடம் ஒப்புவிக்கிற பிள்ளைமாதிரிச் சொல்லிக்கொண்டே போனாள். சார்ஜன்ட் வாசலை விட்டு மூன்று அடி உள்ளே வந்துவிட்டார். சட்டைப்பையிலிருந்து குறிப்புப் புத்தகத்தை எடுத்தார்.

வழக்கறிஞர் உட்கார்ந்துவிட்டார். அவருக்கு வேறு கேள்வி தேவைப்படவில்லை. உலோகம் இருந்த அட்டவணையை யாரும் கேட்கவே இல்லை.

நான் எழும்பினேன். றோஸியின் தலை என் மடியிலிருந்து நழுவி வாங்குப் பலகையில் இடித்தது. சார்ஜன்டுக்கு விளங்க வேண்டும் என்று முதலில் சிங்களத்தில் கத்தினேன். "மஹத்தயா, மகே நோனாட்ட சனீப நே!" பிறகு தமிழிலும் சொன்னேன். என் மனைவிக்குச் சுகமில்லை. தலை சரியில்லை. பேப்பரில், தெருவில் பார்த்ததையெல்லாம் சேர்த்துக் கதை கட்டுவாள். அப்படி ஒரு அறிக்கையே இல்லை. நான் கண்ணால் கண்டதில்லை.

டோரின் திரும்பிப் பார்த்தாள். கோபமாக இல்லை. கணக்கில் எங்கோ பிழைத்துவிட்டதுபோல நெற்றியைச் சுருக்கிக்கொண்டு பார்த்தாள்.

"நீங்கதானே எரிச்சீங்க?" என்றாள், மெதுவாக.

மொழிபெயர்ப்பாளர் கடமை தவறாத மனிதர். அதையும் குழுவுக்கு ஆங்கிலத்தில் சொன்னார். தலைவர் என்னைப் பார்த்தார். நீர் ஏதாவது அறிக்கையை எரித்தீரா?

"இல்லை சேர்," என்றேன். "எரிக்க ஒண்டும் இருக்கேல்ல."

தலைவர் எதையோ எழுதினார். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, சாட்சியம் நிராகரிக்கப்படுகிறது என்றார். சார்ஜன்ட் மேசையடிக்கு வந்து கொப்பியை எடுத்துத் தன் கக்கத்தில் வைத்துக்கொண்டார். யாரும் தடுக்கவில்லை.

அன்று பின்னேரமே அவளைக் கூட்டிக்கொண்டு போனார்கள். இரண்டு நாள். பாதிரியாரின் கடிதத்தோடும், என் பண்டகசாலை மனேஜரின் கடிதத்தோடும் நான் பொலிஸ் நிலையத்து வாசலில் நின்றேன். கணவனே தலை சரியில்லை என்று சபையில் சொன்னதால்தான் இரண்டு நாளோடு விட்டார்கள், இல்லாவிட்டால் இரண்டு வருடம் போயிருக்கும் என்று பிறகு பலர் என் தோளைத் தட்டிச் சொன்னார்கள். இருக்கலாம். தெரியாது. தெரியாத ஒன்றை வைத்துக்கொண்டு மனிதன் எவ்வளவு காலம்தான் தன்னைச் சமாதானப்படுத்துவது?

வீட்டுக்கு வந்தபிறகு அவள் அதைப் பற்றி ஒரே ஒருமுறைதான் கதைத்தாள்.

"அடிக்கேல்ல. ஒரே கேள்விதான். உனக்கு இது ஆர் தந்தது, உனக்கு வேற என்ன ஞாபகம் இருக்கு. நான் ஒண்டும் ஞாபகமில்ல எண்டு சொன்னன். எண்ணிக்கொண்டு இருந்தனான். நூற்றி இருபத்தாறு தரம் சொன்னன். ஒவ்வொரு தரமும் அந்தப் பக்கம் கண்ணுக்கு முன்னால வரும். அதைத் தள்ளித் தள்ளிவிட்டன். பிறகு ஒரு கடதாசியில எழுதிக் கையெழுத்துப் போடச் சொன்னாங்க. எனக்கு ஞாபகமில்ல எண்டு."

கானில் நிறம் மாறிக்கொண்டே இருந்தது. குழாய்த் தண்ணீர் தீர்ந்தால் நாங்களும் கிணற்றில்தான் அள்ளினோம். கொதிகலன் வந்தது. புகைக்குழாயும் வந்தது. தோட்டத்துப் பெண்கள் குழாயடியில் என்னைக் கண்டால் கதையை நிறுத்துவார்கள். ஆறாயி மட்டும்தான் நேரே கேட்டாள். "ஒங்க சம்சாரத்த நீங்க காப்பாத்திக்கிட்டீங்க. எங்க புள்ளைங்கள யாருங்க காப்பாத்துவா?" நான் குடத்தைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குள் போனேன். கோயில் திருவிழாவுக்குப் பட்டறை முதலாளி தோட்டத்துப் பிள்ளைகள் எல்லோருக்கும் ஆளுக்கொரு டீ சேட் கொடுத்தார். பளபளவென்று மஞ்சள் நிறம். பிள்ளைகளுக்கு ஒரே சந்தோஷம். நான் வேண்டாம் என்று சொல்லவில்லை. றோஸி அதைக் கழற்றவே மாட்டேன் என்று அடம்பிடித்தாள்.

டோரின் வேலைக்குப் போனாள். ஒரு மாதத்தில் சிவானந்தன் என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். ஒரு பாடப்புத்தகத்தில் ஒரு முழுப் பந்தி விடுபட்டுப் போயிருக்கிறது, டோரின் கவனிக்கவில்லை என்றார். பதினொரு வருடத்தில் அவள் விட்ட முதல் பிழை. அதற்குப் பிறகு வீட்டில் நான் அவளைக் கவனிக்கத் தொடங்கினேன். பேப்பரை விரித்து, ஒவ்வொரு வரிக்குக் கீழும் ஆள்காட்டி விரலை வைத்து, உதட்டை அசைத்து வாசித்தாள். முடித்ததும் மறுபடி முதல் வரிக்குப் போனாள். எனக்கு அழுகை வந்தது. முகம் கழுவுவதுபோலப் பின்பக்கம் போய் அழுதேன்.

ஆகஸ்டில் றோஸிக்குச் சிறுநீர் நின்றது. பிள்ளைகள் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினோம். மஞ்சள் டீ சேட்டில்தான் கிடத்தினோம். உடம்பு முழுக்க வேர்த்திருந்தது, அந்தத் துணி ஒரு சொட்டையும் உறிஞ்சவில்லை. தாதி கத்தரிக்கோலால் அதை வெட்டி எடுத்தாள்.

டொக்டர் இளம் வயதுச் சிங்களப் பெண். இரண்டு இரவு தூங்காத முகம். எங்களை உட்காரவைத்து, ஆங்கிலத்தில் மெதுவாகக் கேட்டாள். எங்கே குடியிருக்கிறீர்கள், என்ன தண்ணீர் குடிக்கிறீர்கள், பக்கத்தில் என்ன இருக்கிறது. நான் சாயப் பட்டறை என்றதும் அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

"சிறுநீரகம் இரண்டும் பழுதாகிக்கொண்டு வருகிறது. ஏதோ ஒரு உலோகம் என்று சந்தேகப்படுகிறேன். எது என்று தெரிந்தால் அதற்கான மருந்தை இன்றைக்கே தொடங்கலாம். தெரியாமல் கொடுத்தால் அந்த மருந்தே சிறுநீரகத்தைக் கெடுத்துவிடும். இரத்தத்தை வெளிநாட்டுக்கு அனுப்பிப் பார்க்க மூன்று வாரமாவது ஆகும்." வார்டுப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். "அவ்வளவு நாள் இல்லை. அந்தத் தண்ணீரை யாராவது எப்போதாவது பரிசோதித்தார்களா?"

நான் டோரினைப் பார்த்தேன். என் வாழ்நாளில் எதற்காகவும் நான் அப்படி ஜெபித்ததில்லை. அவள் நேராக உட்கார்ந்தாள். கண்ணை மூடினாள். மடியில் கிடந்த ஆள்காட்டி விரல் இடமிருந்து வலமாக மெல்ல நகர்ந்தது. பிறகு மறுபடி இடது பக்கத்துக்கு வந்தது. டொக்டர் பேனையை எடுத்துத் தயாராக வைத்திருந்தாள். வார்டில் எங்கோ ஒரு பிள்ளை அழுதது. டோரினின் நெற்றியில் வேர்வை துளிர்த்தது.

"பக்கம் வருது," என்றாள் தமிழில். "அட்டவணை வருது. கோடெல்லாம் இருக்கு. உள்ளுக்கு எழுத்து இல்ல."

"டோரின், ஆறுதலாப் பார். அவசரம் இல்ல."

"பார்க்கிறன். வெள்ளையா இருக்கு." கண்ணைத் திறந்து என் கையைப் பிடித்தாள். விசாரணை முடிந்த நாளிலிருந்து அவள் என்னைத் தொட்டது அதுதான் முதல் தடவை. "நீங்க சொல்லுங்க. கடைசியா உங்கட கையிலதானே இருந்தது. அன்றைக்கு மட்ச் நடக்கேக்க நானும் சொன்னனான்தானே. சொல்லுங்க. நான் கோவிக்க மாட்டன்."

டொக்டருக்குத் தமிழ் தெரியாது. ஆனால் கேள்வி இப்போது என்னிடம் வந்திருக்கிறது என்று விளங்கியது. பேனையோடு என் பக்கம் திரும்பினாள்.

எனக்கு அந்த வரைபடம் நன்றாக ஞாபகம் இருந்தது. மதில், தாங்கி, ரயில் பாதை, எங்கள் தோட்டத்துக்கு மேலே இருந்த கறுப்புப் புள்ளி, எல்லாம். அதைத் தவிர நாற்பத்தாறு பக்கத்தில் ஒரு சொல்கூட என்னிடம் இல்லை.

"நான் வாசிக்கேல்ல, டோரின்," என்றேன். "எரிக்க மட்டும்தான் செஞ்சன்."